உளியும் பட்டையும்: மலாயாத் தோட்டங்களில் பால்வெட்டுக் கைவினையும் அதன் மதிப்பும்

முன்னுரை

மலாயாவிற்குப் புலம்பெயர்ந்த தமிழர்களின் வரலாறு பெரும்பாலும் எண்ணிக்கையின் வரலாறாகவும் துயரத்தின் வரலாறாகவும் எழுதப்பட்டு வந்துள்ளது. எத்தனை பேர் கப்பலேறினர், எவ்வளவு கூலி பெற்றனர், எத்தனை பேர் காய்ச்சலுக்கு இரையாயினர், எந்த ஆண்டில் எந்தச் சட்டம் இயற்றப்பட்டது என்பன போன்ற செய்திகள் ஆய்வாளர்களால் விரிவாகத் தொகுக்கப்பட்டுள்ளன. 1969ஆம் ஆண்டு வெளிவந்த கெர்னியல் சிங் சாந்துவின் மலாயா இந்தியர் பற்றிய நூல் இத்தகைய ஆய்வுகளுக்கு அடித்தளமாக அமைந்தது. ஆயினும், அத்தமிழர்கள் நாள்தோறும் தம் கைகளால் செய்த வேலை எத்தகையது, அதில் என்ன அறிவு அடங்கியிருந்தது என்னும் வினாக்களுக்கு வரலாற்றெழுத்தில் போதிய இடம் கிடைக்கவில்லை.

கைவினை என்றவுடன் நம் நினைவிற்கு வருவோர் சிற்பி, கொல்லர், தச்சர், நெசவாளர், குயவர் முதலியோரே. ரப்பர் மரத்தின் பட்டையைச் சீவிய தோட்டத் தொழிலாளியை அவ்வரிசையில் நாம் வைப்பதில்லை. அவரைக் கூலி என்றது காலனித்துவ ஆட்சி. உழைப்பாளி என்றது தொழிற்சங்கம். பாவப்பட்டவர் என்றது இலக்கியம். இம்மூன்றிலும் உண்மை உண்டு. எனினும் அவர் ஒரு தொழில்நுட்பத்தைக் கைவரப் பெற்றவர் என்னும் உண்மை இம்மூன்று சொற்களிலும் இடம்பெறவில்லை.

பால்வெட்டு என்பது நுண்மையான அளவறிவும் நீண்ட பயிற்சியும் வேண்டிய ஒரு கைவினை என்பதையும், அது சட்டத்தின் ஏட்டில் திறன் வேண்டாத வேலையாகப் பதிவானதையும், இவ்விரண்டிற்கும் இடைப்பட்ட முரண் தோட்டத் தமிழரின் வாழ்வைப் பாதித்த விதத்தையும் இக்கட்டுரை ஆராய முற்படுகிறது.

வெட்டும் முறையின் தோற்றம்

ரப்பர் மரத்தின் தாயகம் தென்னமெரிக்காவின் அமேசான் காடு. 1876ஆம் ஆண்டு ஹென்றி விக்கம் என்னும் ஆங்கிலேயர் பிரேசிலிலிருந்து சுமார் 70,000 விதைகளை லண்டனிலுள்ள கியூ தாவரவியல் பூங்காவிற்குக் கொண்டு சென்றார். அவற்றுள் மூவாயிரத்திற்கும் குறைவானவையே முளைத்தன. அடுத்த ஆண்டாகிய 1877இல் 22 கன்றுகள் சிங்கப்பூர் தாவரவியல் பூங்காவை வந்தடைந்தன. அவற்றில் ஒன்பது பேராக் மாநிலத்தின் கோலகங்சாரில் நடப்பட்டன. மலாயாவின் ரப்பர்த் தொழில் இச்சிறு தொடக்கத்திலிருந்தே வளர்ந்தது.

மரம் வந்து சேர்ந்ததனால் மட்டும் தொழில் தோன்றிவிடவில்லை. அமேசான் காட்டில் பால் எடுத்தவர்கள் சிறு கோடரியால் மரத்தைக் கொத்தினர். கொத்து பட்டையைக் கடந்து கட்டை வரை சென்றது. காயம் ஆறியபின் அவ்விடம் முடிச்சு முடிச்சாகப் புடைத்து, மீண்டும் வெட்ட இயலாததாயிற்று. காட்டில் ஆங்காங்கே தாமாக வளர்ந்து நின்ற மரங்களுக்கு இம்முறை போதுமானதாக இருந்திருக்கலாம். முதலீடு செய்து வரிசையாக நட்டு, பல ஆண்டுகள் காத்திருந்து பயன்பெற வேண்டிய தோட்டத்திற்கு இது பொருந்தவில்லை.

1888ஆம் ஆண்டு சிங்கப்பூர் தாவரவியல் பூங்காவின் இயக்குநராகப் பொறுப்பேற்ற ஹென்றி நிக்கோலஸ் ரிட்லி இச்சிக்கலுக்கு 1890களில் தீர்வு கண்டார். மரத்தைக் கொத்தாமல், பட்டையில் சாய்வான ஒரு கோட்டை இட்டு, அடுத்தடுத்த முறைகளில் அக்கோட்டின் கீழ்விளிம்பை மட்டும் மெல்லிய சீவலாகச் சீவி எடுப்பதே அவர் கண்ட முறை. இவ்வாறு சீவப்படும் மரம் இறப்பதில்லை. முதல் வெட்டைவிட அடுத்தடுத்த வெட்டுகளில் மிகுதியாகப் பால் தருகிறது. சீவிய இடத்தில் புதுப்பட்டையும் வளர்கிறது. 1896இல் மலாக்காவின் புக்கிட் லிந்தாங்கில் டான் சே யான் என்னும் சீன வணிகர் முதல் வணிகத் தோட்டத்தை அமைத்தார். மோட்டார் வாகனங்களின் பெருக்கத்தால் இருபதாம் நூற்றாண்டின் தொடக்க ஆண்டுகளில் ரப்பரின் தேவை பன்மடங்கு உயர்ந்தது.

ரிட்லியின் பெயர் பாடநூல்களில் இடம்பெற்றுள்ளது, அது தகுந்ததே. ஆனால் அவர் கண்டறிந்தது ஒரு முறையை மட்டுமே. அம்முறை ஒவ்வொரு விடியலிலும், ஒவ்வொரு மரத்திலும், பிழையின்றி நிறைவேற வேண்டுமாயின் அதைச் செய்யும் கைகள் வேண்டும். தோட்டங்களில் அக்கைகளுள் பெரும்பாலானவை தமிழ்க் கைகள். சீனரும் மலாய்ச் சிறுதோட்டக்காரரும் இதே திறனைத் தத்தம் சூழலில் வளர்த்துக்கொண்டனர் என்பதையும் இங்குச் சேர்த்தே கூற வேண்டும்.

பட்டைக்குள் அடங்கிய கணக்கு

பால்வெட்டின் நுட்பத்தை உணர மரத்தின் அமைப்பைச் சிறிது அறிதல் வேண்டும். ரப்பர் மரத்தின் வெளிப்புறத்தில் கரடான பட்டை இருக்கிறது. அதனுள்ளே மென்பட்டை அமைந்துள்ளது. பால் ஓடும் நுண்குழாய்கள் இம்மென்பட்டையில், உட்புறத்தை நெருங்க நெருங்க மிகுதியாக, வளையம் வளையமாக அமைந்துள்ளன. அதற்கும் உள்ளே இருப்பது வளர்படலம். மரம் பருப்பதற்கும் புதுப்பட்டை தோன்றுவதற்கும் காரணமான உயிர்ப்படலம் இதுவே. அதற்கப்பால் இருப்பது கட்டை.

உளி ஆழமாகச் செல்லாவிட்டால் பால் நிறைந்த உட்குழாய்கள் அறுபடா, விளைச்சல் குறையும். சற்றே கூடுதலாகச் சென்றால் வளர்படலம் காயப்படும். காயம் பட்ட இடத்தில் புதுப்பட்டை சீராக வளராது. மேடும் பள்ளமுமாகி, பல ஆண்டுகள் கழித்து அங்கு மீண்டும் வெட்ட வருபவரின் உளி தடுமாறும். எனவே, வளர்படலத்திற்கு ஏறத்தாழ ஒரு மில்லிமீட்டர் முன்பாக உளி நின்றுவிட வேண்டும். இந்த எல்லையை மரத்தின் வெளிப்புறத்தில் நின்று கண்ணால் காண முடியாது. சீவல் விழும் தடிமனையும், உளி ஓடும்போது கையில் உணரப்படும் தடையையும், பட்டையின் ஈரப்பசையையும் கொண்டே அதனை அறிய வேண்டும். பட்டையின் தடிமனும் மரத்திற்கு மரம் வேறுபடும்.

சாய்விற்கும் கணக்கு உண்டு. பாற்குழாய்கள் நேர்செங்குத்தாக அமையாமல் சில பாகை வலப்புறம் சாய்ந்து மேலேறுகின்றன. எனவே வெட்டுக்கோடு இடப்புறம் உயர்ந்து வலப்புறம் தாழ்ந்து செல்லுமாறு அமைந்தால் மிகுதியான குழாய்கள் அறுபடும். ஒட்டுக்கட்டிய மரங்களுக்கு 30 பாகைச் சாய்வு வழக்கமாகக் கொள்ளப்பட்டது. சாய்வு குறைந்தால் பால் கோட்டைவிட்டு வழிந்து பட்டையில் பரவும். மிகுந்தால் பட்டை வீணாகும். ஒவ்வொரு வெட்டிலும் கோட்டின் ஒரு முனை சற்றே அதிகமாகச் சீவப்பட்டாலும் சில மாதங்களில் சாய்வு மாறிவிடும். சாய்வைக் காப்பது அன்றாடக் கைக்கட்டுப்பாட்டினால் மட்டுமே இயலும்.

சீவலின் தடிமனே இக்கைவினையின் உயிர்நிலை எனலாம். ஒரு நாள் விட்டு ஒரு நாள் வெட்டும் முறையில் ஒரு மரம் ஆண்டுக்கு ஏறத்தாழ 150 முறை வெட்டப்படுகிறது. ஒவ்வொரு முறையும் 1.5 மில்லிமீட்டர் பட்டை சீவப்பட்டால் ஓராண்டில் 22.5 சென்டிமீட்டர் பட்டை செலவாகும். அதுவே 2.5 மில்லிமீட்டராக இருந்தால் 37.5 சென்டிமீட்டர் செலவாகும். மரத்தின் ஒரு பக்கத்தில் பயன்படும் பட்டையின் உயரம் 125 சென்டிமீட்டர் என வைத்துக்கொள்வோம். முதலாமவர் கையில் அப்பட்டை ஐந்தரை ஆண்டுகள் வரும். இரண்டாமவர் கையில் மூன்றாண்டுகளைச் சற்றே கடக்கும். மறுபக்கத்தையும் வெட்டி முடித்து முதற்பக்கத்திற்குத் திரும்பும்போது, முதலாமவரின் மரத்தில் பதினோராண்டு வளர்ந்த புதுப்பட்டை காத்திருக்கும். இரண்டாமவரின் மரத்தில் ஏழாண்டுகூட நிறையாத மெல்லிய பட்டையே இருக்கும். ஒரு மில்லிமீட்டர் வேறுபாடு ஒரு மரத்தின் ஆயுளையே மாற்றிவிடுகிறது.

இவ்வளவு நுட்பமும் மிகக் குறுகிய நேரத்திற்குள் நிகழ வேண்டும் என்பதும் கருதத்தக்கது. மரத்தினுள் நீரழுத்தம் மிகுந்திருப்பது விடியற்காலையில்தான். வெயில் ஏறினால் பால் ஓட்டம் குறையும். எனவே பொழுது புலரும்முன் பெரட்டுக்களத்தில் பெயர் கொடுத்து, இருள் பிரியும் வேளையில் நிரைக்குச் சென்றுவிட வேண்டும். ஒருவருக்கு ஒரு நாளைக்கு 400 முதல் 600 மரங்கள் வரை ஒதுக்கப்படுவது வழக்கம். 500 மரங்களை நான்கு மணி நேரத்தில் வெட்டி முடிப்பவருக்கு, மரத்திற்கு மரம் நடக்கும் நேரத்தையும் சேர்த்து, ஒரு மரத்திற்குக் கிடைப்பது அரை நிமிடத்திற்கும் குறைவான காலமே. அதற்குள் முந்திய வெட்டில் படிந்து உறைந்த கோட்டுப்பாலை உரித்து, மங்கைத் துடைத்து, கோட்டைச் சீவி, பால் மங்கில் விழுவதைப் பார்த்து, அடுத்த மரத்திற்கு நகர வேண்டும்.

சட்டத்தின் கண்ணில் பால்வெட்டு

இத்தகைய வேலையை அக்காலச் சட்டம் எவ்வாறு வகைப்படுத்தியது என்பதை இனிக் காண்போம். ஒப்பந்தக்கூலி முறை மலாயாவில் 1910ஆம் ஆண்டு முடிவுக்கு வந்தது. அதற்கு முன்பே, 1907ஆம் ஆண்டில் தமிழர் குடியேற்ற நிதி ஏற்படுத்தப்பட்டு, கங்காணிகள் வழியாக ஆள்சேர்ப்பது பெருகியிருந்தது. இக்குடிபெயர்வை ஒழுங்குபடுத்தும் பொருட்டு 1922ஆம் ஆண்டு இந்தியக் குடிபெயர்வுச் சட்டம் இயற்றப்பட்டது.

அச்சட்டம் வெளிநாடு செல்வோரின் வேலையை இரண்டாகப் பிரித்தது. ஒன்று திறன் சார்ந்த வேலை. மற்றொன்று திறன் சாராத வேலை. கைவினைஞர், எழுத்தர், கடைச் சிற்றாள் ஆகியோரின் பணியும், கண்காட்சி, கேளிக்கை நிகழ்ச்சிகளுக்கான பணியும், உணவகப் பணியும், வீட்டு வேலையும் திறன் சார்ந்தவற்றுள் அடங்கின. வேளாண் வேலையோ திறன் சாராததன்கீழ் வைக்கப்பட்டது. ரப்பர்த் தோட்டம் வேளாண்மையைச் சேர்ந்தது என்பதால் பால்வெட்டுவோர் அனைவரும் திறனற்ற தொழிலாளராக ஏட்டில் ஏறினர். தோட்ட துரையின் வீட்டில் தேநீர் பரிமாறுவதற்காகச் செல்பவர் சட்டப்படி திறன் சார்ந்த வேலைக்குச் செல்பவர். அத்துரையின் தோட்டத்தில் ஒரு மில்லிமீட்டர் அளவைக் காத்து மரத்தை வாழவைத்தவர் திறன் சாராத வேலையைச் செய்பவர்.

இவ்வகைப்பாட்டிற்கு ஒரு நியாயமும் இருந்தது என்பதை மறுப்பதற்கில்லை. எழுத்தறிவும் பொருள்வளமும் குறைந்தவர்களை ஆள்பிடிப்போரின் ஏமாற்றிலிருந்து காப்பதே திறன் சாராதோர் பற்றிய விதிகளின் நோக்கம். 1938ஆம் ஆண்டு இந்திய அரசு மலாயாவிற்குச் செல்லும் திறன் சாராத் தொழிலாளர்களின் உதவிபெற்ற குடிபெயர்வைத் தடை செய்ததும், கூலிக் குறைப்பின் பின்னணியில் இதே பிரிவின் அடிப்படையில்தான். ஆனால் பாதுகாப்பின் பொருட்டு ஏற்பட்ட ஒரு பெயர், மதிப்பீட்டின் பெயராக மாறி நிலைத்துவிட்டது. தொழிலாளியின் வறுமையைக் குறிக்க வந்த சொல் அவரது வேலையின் தன்மையைக் குறிக்கும் சொல்லாயிற்று.

கூலி நிர்ணயத்தில் இதன் விளைவைக் காணலாம். 1920களின் பிற்பகுதியில் போக்குவரத்து வசதியுள்ள பகுதிகளில் ஆண்களுக்கு நாளொன்றுக்கு 50 காசும் பெண்களுக்கு 40 காசும் தரக்கூலியாக வகுக்கப்பட்டன. உணவு, உடை முதலிய அடிப்படைத் தேவைகளின் செலவைக் கணக்கிட்டே இத்தரக்கூலி வகுக்கப்பட்டது. ஒருவர் உயிர் வாழ்வதற்கு எவ்வளவு வேண்டும் என்பதே அங்குக் கேட்கப்பட்ட வினா. அவர் கையில் உள்ள திறனுக்கு எவ்வளவு கொடுக்க வேண்டும் என்பது கேட்கப்படவில்லை. உலகப் பொருளாதார மந்தத்தின்போது அக்கூலியும் குறைக்கப்பட்டது.

இதே காலத்தில் தோட்ட நிருவாகங்கள் பால்வெட்டின் திறனை நன்கு அறிந்தே இருந்தன. வெட்டின் ஆழமும் சாய்வும் சோதிக்கப்பட்டன. ஆண்டுக்குச் செலவான பட்டையின் அளவு கணக்கிடப்பட்டது. காயம் பட்ட மரங்கள் எண்ணிக் குறிக்கப்பட்டன. புதிதாகப் பழகுவோரை இளமரங்களில் விடாமல், வெட்டி வீழ்த்தப்படவிருந்த முதிய மரங்களில் பழகச் செய்வது வழக்கமாயிற்று. 1925ஆம் ஆண்டு நிறுவப்பட்ட மலாயா ரப்பர் ஆராய்ச்சி நிலையம் வெட்டு முறைகளை ஆய்வுப் பொருளாகவே கொண்டது. திறனே தேவைப்படாத ஒரு வேலைக்கு இத்தனை அளவுகோல்கள் எதற்கு? நிருவாகம் திறனை அளந்தது, பிழைக்குத் தண்டித்தது, ஆனால் திறன் என்று அதற்குப் பெயரிடவில்லை.

புதிய மண்ணில் உருவான மரபு

மரபுவழிக் கைவினை என்பது பல நூற்றாண்டுத் தொன்மையுடையதாக இருக்க வேண்டும் என்பது பொதுவான எண்ணம். பால்வெட்டு அவ்வெண்ணத்தை மறுபரிசீலனை செய்யத் தூண்டுகிறது. திருச்சிராப்பள்ளி, தஞ்சாவூர், சேலம், வட ஆர்க்காடு முதலிய மாவட்டங்களிலிருந்து வந்தவர்கள் பெரும்பாலும் வேளாண் தொழிலாளர்கள். உழவும் நடவும் அறுவடையும் அறிந்த அவர்களுக்கு ரப்பர் மரம் முற்றிலும் புதியது. அவர்தம் முன்னோர் எவரும் இவ்வேலையைச் செய்ததில்லை. ஆயினும் ஓரிரு தலைமுறைகளில், பெற்றோரிடமிருந்து பிள்ளைகளுக்குக் கைமாறும் தொழிலறிவாக இது நிலைபெற்றது.

கற்பித்தல் நிகழ்ந்த இடம் நிரையே. மங்கு துடைக்கவும் ஒட்டுப்பால் பொறுக்கவும் தாய் தந்தையருடன் சென்ற சிறுவர்கள் முதலில் கண்ணால் கற்றனர். உளியைப் பிடிக்கும் கோணம், மரத்தைச் சுற்றிக் காலை நகர்த்தும் முறை, உளியைத் தீட்டுகல்லில் தீட்டும் பக்குவம் ஆகியவை சொற்களால் விளக்கப்படுவதைவிடப் பார்த்துப் பழகுவதாலேயே கைவந்தன. மழுங்கிய உளி பட்டையைச் சீவுவதற்குப் பதில் பிய்த்துவிடும் என்பதால், தீட்டுவது வெட்டுவதற்கு நிகரான திறனாக மதிக்கப்பட்டது. சிறுவர்கள் வேலைக்கு இழுக்கப்பட்டதால் அவர்தம் கல்வி பாதிக்கப்பட்டது என்னும் கசப்பான உண்மையும் இதே காட்சியின் மறுபக்கமாகும்.

இக்கைவினையில் பெண்களின் இடம் தனித்துக் குறிப்பிடத்தக்கது. தமிழ்நாட்டின் மரபுவழிக் கைவினைகள் பலவற்றில் முதன்மைக் கருவி ஆணின் கையிலேயே இருந்தது. பெண்கள் துணைப்பணிகளைச் செய்தனர். பால்வெட்டில் பெண்ணே உளியேந்தினார். தமக்கென ஒரு நிரையைப் பொறுப்பேற்று, அதிலுள்ள நூற்றுக்கணக்கான மரங்களின் தன்மையை அறிந்து, தாமே வெட்டி, தாமே பால் சேகரித்து, எடைக்களத்திற்குச் சுமந்து சென்றார். அவ்வாறிருந்தும் தரக்கூலியில் பெண்ணுக்கு ஆணின் கூலியில் ஐந்தில் நான்கு பங்கே வகுக்கப்பட்டது. கையின் நுட்பத்திற்கு ஆண், பெண் என்னும் வேறுபாடு இல்லை என்பதை அக்கணக்கு கருத்தில் கொள்ளவில்லை.

ஒரு தொழில் மரபாக வேரூன்றியமைக்கு மொழியே உறுதியான சான்று. தோட்டத் தமிழர் இவ்வேலைக்கெனத் தனிச் சொல்வளம் ஒன்றை உருவாக்கினர். பால்வெட்டுக் கத்திக்கு அவர்கள் வழங்கிய பெயர் ‘உளி’. சிற்பியும் தச்சரும் கையாளும் கருவியின் பெயரையே தம் கருவிக்கும் வழங்கியது கருதத்தக்கது. தமக்குரிய மரவரிசையை ‘நிரை’ என்னும் பழந்தமிழ்ச் சொல்லால் குறித்தனர். மங்கில் தானே உறைந்தது ‘கட்டிப்பால்’. வெட்டுக்கோட்டில் நாடாவாக உறைந்தது ‘கோட்டுப்பால்’. மரத்திலும் மங்கிலும் ஒட்டி நின்றது ‘ஒட்டுப்பால்’. ஒரே பொருளின் வெவ்வேறு நிலைகளுக்குத் தனித்தனிப் பெயரிடுவது, பொருளோடு நெருங்கிப் பழகிய தொழிலாளரின் மொழிப்பண்பாகும். பால்வாளிகளைத் தோளில் சுமக்க உதவிய ‘காண்டா’ மலாய் மொழியின் ‘காண்டார்’ என்பதோடு தொடர்புடையது. ‘பெரட்டு’ ஆங்கிலத்தின் ‘பரேட்’ என்பதன் திரிபாகக் கருதப்படுகிறது. மூன்று மொழிகளின் கூறுகளைத் தமிழ் இலக்கணத்திற்குள் அடக்கிய இச்சொற்கள், இந்த மண்ணில் பிறந்த தமிழ்ச் சொற்கள்.

அமைதியான மதிப்பும் உரத்த கோரிக்கையும்

சிற்பியின் கைத்திறனுக்குச் சிலை சான்றாக நிற்கிறது. பால்வெட்டுபவரின் கைத்திறனுக்குச் சான்றாக எந்தப் பொருளும் நிலைப்பதில்லை. அவர் எடுத்த பால் பலருடைய பாலோடு கலந்து, உறைந்து, தாளாகி, கப்பலேறி, எங்கோ ஒரு வாகனத்தின் சக்கரமாகித் தேய்ந்தது. அவர் கைவண்ணம் எஞ்சியிருந்த ஒரே இடம் மரத்தின் பட்டை. நன்கு வெட்டப்பட்ட மரத்தில் புதுப்பட்டை வழவழப்பாகவும் சீராகவும் வளர்ந்திருக்கும். பத்தாண்டுகள் கழித்து அந்நிரைக்கு வரும் மற்றொரு தொழிலாளி, முன்னவரின் கை எத்தகையது என்பதைப் பட்டையைத் தடவியே அறிவார். பெயர் பொறிக்கப்படாத, தொழில் அறிந்தவர்களால் மட்டுமே வாசிக்கத்தக்க ஒரு கையெழுத்து அது.

இம்மதிப்பை எடுத்துரைக்கும்போது ஓர் எச்சரிக்கையும் தேவைப்படுகிறது. கைவினையைப் போற்றுவது வறுமையைப் போற்றுவதாக மாறிவிடக்கூடாது. வேலையின் நுட்பத்தில் தொழிலாளி நிறைவு கண்டார் என்பது, குறைந்த கூலிக்கும் நெருக்கடியான லயத்து வாழ்வுக்கும் நியாயமாகாது. மழை பெய்தால் பட்டை நனைந்து வெட்டு நின்றுவிடும். நாட்கூலி முறையில் வெட்டு நின்ற நாளில் வருவாயும் நின்றது. தோட்டத் தொழிலாளர்களுக்கு மாதச் சம்பளம் வேண்டும் என்னும் நீண்டகாலக் கோரிக்கை இத்தகைய அனுபவத்திலிருந்தே எழுந்தது.

தம் மதிப்பைத் தொழிலாளர்கள் அமைதியாக மட்டுமே சுமந்தனர் என்பதும் உண்மையன்று. 1941ஆம் ஆண்டு மார்ச் முதல் மே வரை சிலாங்கூரின் கிள்ளான் வட்டாரத் தோட்டங்களில் நிகழ்ந்த வேலைநிறுத்தங்கள் இதற்குச் சான்று. கிள்ளான் மாவட்ட இந்தியர் சங்கத்தின் ஆர். எச். நாதன் இப்போராட்டத்தில் முன்னின்றார். சீனத் தொழிலாளர்களுக்கு நிகரான கூலி, பிள்ளைகளுக்கு முறையான கல்வி, தோட்டங்களில் கள்ளுக்கடைகளை மூடுதல் ஆகியவற்றோடு மற்றொரு கோரிக்கையும் இருந்தது. துரையோ தோட்டத்து அலுவலரோ எதிர்ப்படும்போது தொழிலாளர்கள் மிதிவண்டியிலிருந்து இறங்கி நிற்க வேண்டும் என்னும் வழக்கம் ஒழிய வேண்டும் என்பதே அது. அக்கோரிக்கையால் எவருக்கும் ஒரு காசு கூடுதலாகக் கிடைக்கப்போவதில்லை. நாதன் கைது செய்யப்பட்டு நாடு கடத்தப்பட்டார், படையினர் வரவழைக்கப்பட்டனர், போராட்டம் ஒடுக்கப்பட்டது. கூலியுயர்வைக் கேட்ட அதே பட்டியலில் மிதிவண்டியிலிருந்து இறங்க மறுக்கும் உரிமையையும் வைத்தவர்கள், தம்மைத் திறனற்றவர்களாக ஒருபோதும் கருதியிருக்கவில்லை என்பது தெளிவு.

மாறிய காலம்

இரண்டாம் உலகப் போருக்குப்பின் தோட்டங்களின் நிலை படிப்படியாக மாறியது. 1950களிலும் 1960களிலும் பல தோட்டங்கள் துண்டாடப்பட்டு விற்கப்பட்டன. 1968ஆம் ஆண்டின் வேலைவாய்ப்புக் கட்டுப்பாட்டுச் சட்டத்தினால், குடியுரிமை பெறாத தொழிலாளர்கள் வேலை அனுமதிச் சீட்டுப் பெற வேண்டிய நிலை ஏற்பட்டது. நீண்டகாலம் உழைத்த பலர் இந்தியா திரும்ப நேர்ந்தது. 1960கள் தொட்டு ரப்பர் மரங்கள் வீழ்த்தப்பட்டுச் செம்பனை நடப்பட்டது. செம்பனைக்கு உளி தேவையில்லை. குலையறுக்கும் அரிவாளும் உடல்வலிமையுமே முதன்மை பெற்றன. 1970களில் எத்தெஃபோன் என்னும் ஊக்கி பரவியதால் குறைந்த வெட்டுகளிலேயே மிகுந்த பால் பெற முடிந்தது. உலகின் முதன்மை ரப்பர் உற்பத்தி நாடு என்னும் இடத்தையும் மலேசியா 1990களின் தொடக்கத்தில் தாய்லாந்திடம் இழந்தது.

தோட்டங்களை விட்டு வெளியேறிய தமிழர்கள் நகர்ப்புறத் தொழிற்சாலைகளிலும் பிற இடங்களிலும் வேலை தேடியபோது, அவர்தம் கையிலிருந்த திறனுக்கு ஏட்டில் பெயரே இல்லை. தச்சர் ஒருவர் ஊர் மாறினாலும் தச்சராகவே மதிக்கப்படுவார். முப்பதாண்டுகள் மில்லிமீட்டர் கணக்கில் உளியைச் செலுத்திய கைக்கு அத்தகைய அடையாளம் இல்லை. 1922இல் எழுதப்பட்ட வகைப்பாட்டின் நிழல் அவ்வளவு தூரம் நீண்டிருந்தது எனக் கொள்வது மிகையாகாது. பன்னாட்டுத் தொழிலாளர் அமைப்பு 2008இல் வெளியிட்ட தொழில் வகைப்பாட்டில் ரப்பர் பால்வெட்டுநர் திறன்பெற்ற வேளாண் பணியாளர் என்னும் பெரும்பிரிவில் இடம்பெற்றுள்ளார். 

பால்வெட்டு இன்றும் முற்றிலும் இயந்திரமயமாகிவிடவில்லை என்பதும் இங்கு எண்ணத்தக்கது. மின்விசையால் இயங்கும் வெட்டுக் கருவிகள் உருவாக்கப்பட்டுள்ளன. தானியங்கி முறைகளும் சோதிக்கப்பட்டு வருகின்றன. ஆயினும் ஆசிய நாடுகளின் ரப்பர் மரங்களில் மிகப் பெரும்பாலானவை மனிதக் கைகளாலேயே வெட்டப்படுகின்றன. மரத்திற்கு மரம் வேறுபடும் பட்டையின் தடிமனை அரை நிமிடத்திற்குள் உணர்ந்து, அதற்கேற்பத் தன்னைத் திருத்திக்கொள்ளும் கைக்கு மாற்றுக் காண்பது எளிதாக இல்லை.

முடிவுரை

மேற்கண்டவற்றால் மூன்று கருத்துகள் பெறப்படுகின்றன. பால்வெட்டு என்பது ஆழம், சாய்வு, தடிமன், காலம் ஆகிய நான்கையும் ஒருங்கே காக்க வேண்டிய கைவினை என்பது முதலாவது. தமிழர்கள் இந்த மண்ணில் கற்று, தமக்கென்று ஒரு சொல்வளத்தோடு மரபாக வளர்த்த தொழிலறிவு அது என்பது இரண்டாவது. அதைத் திறனற்ற வேலை என வகைப்படுத்தியது தொழிலின் தன்மையைக் கண்டறிந்து எடுத்த முடிவன்று. நிருவாகத் தேவையால் எழுந்த ஒரு பெயரீடு என்பது மூன்றாவது.

இதில் தமிழாசிரியர்களுக்கு ஒரு சிறப்பான பணி உண்டு. மலேசியத் தமிழ்ப் பள்ளிகளில் மிகப் பல தோட்டங்களில் தோன்றியவை. அங்குப் பயிலும் மாணவர்களின் பாட்டிமாரும் தாத்தாமாரும் உளி பிடித்த தலைமுறையைச் சேர்ந்தவர்கள்; அத்தலைமுறை இன்று முதுமையில் உள்ளது. அவர்களிடம் நாம் வழக்கமாகக் கேட்பது எவ்வளவு துன்பப்பட்டீர்கள் என்பதே. எப்படி வெட்டினீர்கள் என்னும் வினாவும் அதனோடு சேர வேண்டும். உளியைத் தீட்டிய விதம், மரத்திற்கேற்பக் கையை மாற்றிய விதம், நல்ல வெட்டையும் காயத்தையும் பிரித்தறிந்த விதம், ஒவ்வொன்றிற்கும் அவர்கள் வழங்கிய பெயர் ஆகியவற்றை அவர்தம் குரலிலேயே பதிவு செய்தல் வேண்டும். வாய்மொழி வரலாற்றுத் திட்டங்களிலும் வட்டார வழக்குச் சொல்லகராதி முயற்சிகளிலும் இதற்கு முன்னுரிமை அளிக்கப்படுதல் நன்று.

துன்பத்தைக் கேட்டால் அவர்கள் பாதிக்கப்பட்டவர்களாகப் பேசுவர். தொழிலைக் கேட்டால் அறிந்தவர்களாகப் பேசுவர். இரண்டும் சேர்ந்ததே அவர்களின் வரலாறு. முதற்பாதியை நாம் ஓரளவு எழுதிவிட்டோம். அடுத்த பாதியை எழுதுவதற்கு, அதைச் சொல்லத்தக்கவர்கள் இன்னும் சில ஆண்டுகளே நம்மிடையே இருப்பர்.